கவுன்டர் முன்னால் கால் நடுங்குகிறவர்களுக்கு: தைரியம் பழகும் வழி

தாலுகா அலுவலகத்தின் வாசல் வரை போய், உள்ளே நுழையாமல், எதிர்க் கடையில் ஒரு டீ குடித்துவிட்டு பஸ் ஏறி வீட்டுக்கு வந்திருக்கிறேன். ஒரு தடவை இல்லை, மூன்று தடவை. மூன்றாவது தடவை டீக்கடைக்காரரே கேட்டுவிட்டார், "என்னம்மா, இன்னிக்கும் உள்ள போகலியா?"

2022 ஆகஸ்டில் என் கணவர் மாரடைப்பில் போய்விட்டார். கோவில்பட்டியிலிருந்து சென்னைக்கு வாழ வந்து அப்போது பத்தொன்பது வருஷம். அத்தனை வருஷத்தில் நான் தனியாகப் போன இடங்கள் மார்க்கெட், கோயில், பெண்ணின் பள்ளிக்கூடம். வங்கிச் சலானைக்கூட அவர்தான் நிரப்புவார். பதினாறாம் நாள் காரியத்துக்கு வந்த அத்தனை பேரும் "தைரியமா இரும்மா" என்று சொல்லிவிட்டுத்தான் செருப்பு மாட்டினார்கள். எப்படி இருப்பது என்று ஒருத்தர்கூடச் சொல்லவில்லை.

அதற்குப் பிறகு ஏழு மாதம் அலைந்து கற்றுக்கொண்டதை இங்கே எழுதுகிறேன். கணவரை இழந்தவர்களுக்கு மட்டும் இல்லை. ஊருக்குப் புதிதாக வந்து வீட்டு ஓனரிடம் பேசத் தயங்குகிறவர், மேனேஜரிடம் லீவு கேட்க முடியாதவர், போன் அடித்தாலே எடுக்கப் பயப்படுகிறவர் எல்லாருக்கும்தான். என் உதாரணங்கள் சான்றிதழ், வங்கி என்று இருக்கும். உங்களுடையதை அந்த இடத்தில் போட்டுக்கொள்ளுங்கள்.

1. பயத்தைப் பட்டியல் போடுங்கள்

தேவை: ஒரு நோட்டு, ஒரு பேனா. நேரம்: ஒரு மாலை.

"எனக்கு ஆபீஸ்னாலே பயம்" என்று எழுதினால் வேலைக்கு ஆகாது. எதற்குப் பயம் என்று கிண்டிக் கிண்டி எழுத வேண்டும். நான் எழுதியது இப்படி இருந்தது: எந்த ஜன்னலில் கேட்பது என்று தெரியாது. ஏதாவது பேப்பர் இல்லை என்பார்கள். எல்லார் முன்னாலும் அதட்டுவார்கள். அழுதுவிடுவேன்.

எழுதிப் பார்த்தபோதுதான் ஒன்று தெரிந்தது. முதல் இரண்டும் மனசு சம்பந்தப்பட்டதே இல்லை. ஒன்று விசாரித்தால் தீர்ந்துவிடும், இன்னொன்று ஜெராக்ஸ் எடுத்தால் தீர்ந்துவிடும். மிச்சம் இரண்டுதான் உண்மையான பயம். நான் நான்கையும் ஒரே மூட்டையாகக் கட்டித் தலையில் தூக்கிக்கொண்டு திரிந்திருக்கிறேன்.

அடுத்து, செய்ய வேண்டிய ஒவ்வொரு வேலைக்கும் பத்துக்கு எத்தனை பயம் என்று மார்க் போடுங்கள். வங்கியில் பாஸ்புக் பதிவு போடுவது 3. தாலுகா அலுவலகம் 7. என் அத்தைக்கு, அதாவது மாமியாருக்கு, போன் செய்வது 8. வீட்டு வாசலில் தார்ப்பாய் மூடி நிற்கிற கணவருடைய ஸ்கூட்டரை ஓட்டுவது 9. மார்க் போடும்போது வெட்கப்படாதீர்கள். அடுத்தவருக்கு 1 ஆக இருப்பது உங்களுக்கு 8 ஆக இருக்கலாம். நோட்டை யாரும் பார்க்கப் போவதில்லை.

2. இரண்டு வாரம் ஒத்திகை பாருங்கள்

நான் செய்த முதல் தப்பு, நேராக ஏழு மார்க் வேலையில் போய் விழுந்தது. வாசலிலிருந்து திரும்பி பஸ் ஏறியதும் ஒரு நிம்மதி வந்தது பாருங்கள், அதுதான் விஷம். ஓடி வந்ததற்கு மனசு கொடுக்கிற கூலி அது. கூலி கிடைத்த வேலையை மனசு மறுபடியும் செய்யும். அதனால்தான் இரண்டாவது தடவை முதல் தடவையைவிடச் சீக்கிரம் திரும்பினேன்.

2, 3 மார்க் வேலைகளில் ஆரம்பியுங்கள். பயம் முழுசாகப் போன பிறகு அடுத்ததுக்குப் போகலாம் என்று காத்திருக்க வேண்டாம். பாதியாகக் குறைந்தால் போதும். சென்னையில் இதற்குச் செலவே இல்லை. பெண்களுக்கு மாநகரப் பேருந்துகளில் சாதாரணக் கட்டண வண்டிகளில் டிக்கெட் இலவசம் (டீலக்ஸ் வண்டியில் ஏறிவிட்டு கண்டக்டரிடம் சண்டை போடாதீர்கள், அதில் கிடையாது). ஆண்களுக்குக் குறைந்தபட்ச டிக்கெட் 5 ரூபாய்.

என் முதல் வாரம்: பெரம்பூரில் 29சி ஏறி, பெசன்ட் நகர் போகுமா என்று பக்கத்தில் இருப்பவரிடம் கேட்டேன். போகும் என்று எனக்குத் தெரியும். கேட்பதுதான் பயிற்சி. கடைசி ஸ்டாப்பில் இறங்கி கடலைப் பார்த்துவிட்டு அதே வண்டியில் திரும்பினேன். மறுநாள் காய்கறிக் கடையில், தராசில் விழுந்த அழுகல் தக்காளியை எடுத்து "இதை மாத்திக் குடுங்க" என்றேன். இன்னொரு நாள் கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகத்துக்குப் போய், எதிரில் வந்த ஊழியரிடம் தமிழ்ப் பிரிவு எந்த மாடி என்று கேட்டேன். உள்ளே போக யாரும் காசு கேட்பதில்லை. ஏ.சி. ஓடும். அதட்ட ஆள் இல்லை. புதிதாகப் பழகுகிறவர்களுக்கு அதைவிட நல்ல இடம் எனக்குத் தெரியாது.

இரண்டாவது வாரம் கொஞ்சம் கடினம். தி.நகர் ரங்கநாதன் தெருவில் ஒரு புடவைக் கடையில் நுழையுங்கள். கடைப் பையன் நீங்கள் கேட்காததையும் சேர்த்து எட்டுப் புடவையை விரித்துப் போடுவான். ஒன்பதாவதை எடுக்கக் கை நீட்டும்போது, "வேண்டாம் தம்பி, பிடிக்கலை" என்று சொல்லிவிட்டு வெளியே வர வேண்டும். "அப்புறம் வரேன்", "வீட்டுல கேட்டுட்டு வரேன்" எல்லாம் ஆட்டத்தில் சேர்த்தி இல்லை. பிடிக்கலை, அவ்வளவுதான். நான் முதல் கடையில் தோற்றேன், 380 ரூபாய்க்கு ஒரு நைட்டி வாங்கிக்கொண்டு வந்தேன். இரண்டாவது கடையில் சொல்லிவிட்டேன். பையன் முகத்தைக்கூடச் சுளிக்கவில்லை, மடிக்கத் தொடங்கிவிட்டான். இத்தனை வருஷம் எந்தச் சுளிப்புக்குப் பயந்தேன் என்று அன்றைக்கு யோசித்தேன்.

3. பையைத் தயார் பண்ணுங்கள்

இந்தக் கட்டுரையில் ஒரு பகுதியை மட்டும்தான் படிப்பேன் என்றால் இதைப் படியுங்கள். என்னுடைய தைரியத்தில் முக்கால்வாசி இந்தப் பைக்குள்தான் இருந்தது. "இது இல்லையேம்மா" என்று ஒருவர் சொல்லும்போது, "இருக்கு சார்" என்று எடுத்து நீட்டிப் பாருங்கள். முதுகு தானாக நிமிரும்.

பிளாஸ்டிக் உறைகள் வைத்த ஃபைல் ஒன்று வாங்குங்கள். ஒரு உறைக்கு ஒரு வகைப் பேப்பர். அசல் எல்லாம் பின்னால், நகல் எல்லாம் முன்னால். என் ஃபைலில் இருந்தவை: இறப்புச் சான்றிதழ், எல்லாருடைய ஆதார், குடும்ப அட்டை, கல்யாணப் பத்திரிகை, பாஸ்புக் முதல் பக்கம், பாஸ்போர்ட் அளவு போட்டோ எட்டு. இதெல்லாம் எல்லாரும் சொல்வது. யாரும் சொல்லாதவை: கறுப்புப் பேனா இரண்டு (ஒன்றை யாராவது இரவல் வாங்கிக்கொண்டு போய்விடுவார்கள்), பசை, சின்ன ஸ்டேப்ளர், பத்து ரூபாய் நோட்டுகளாக நூறு ரூபாய், தண்ணீர், மூக்குக் கண்ணாடி. கண்ணாடியை மறந்துவிட்டுப் போன ஒரு நாள், எங்கே கையெழுத்து போடச் சொன்னாலும் போட வேண்டிய நிலையில் நின்றேன். அதைவிடக் கோழையாக நான் என்றுமே உணர்ந்ததில்லை.

செலவும் காலமும்:

இறப்பு நடந்து 21 நாளுக்குள் பதிவு செய்தால் கட்டணம் கிடையாது. தாண்டினால் தாமதக் கட்டணம், ஒரு வருஷம் தாண்டினால் மாஜிஸ்திரேட் உத்தரவு வரை போகும். மருத்துவமனையில் இறந்திருந்தால் அவர்களே மாநகராட்சிக்குத் தகவல் அனுப்புவார்கள். பெயரின் எழுத்துகள் சரியாகப் போயிருக்கின்றனவா என்று அங்கேயே பார்த்துவிடுங்கள். பிறகு பெருநகர சென்னை மாநகராட்சி இணையதளத்திலிருந்து சான்றிதழை இலவசமாகவே இறக்கிக்கொள்ளலாம்.

வாரிசுச் சான்றிதழ் தாசில்தார் கொடுப்பது. இ-சேவை மையத்தில் விண்ணப்பித்தேன், 60 ரூபாய். அதே வேலைக்கு வாசலில் நின்ற ஒருவர் என்னிடம் கேட்டது 3,500 ரூபாய். விண்ணப்ப எண் உள்ள ரசீதைத் தொலைக்காதீர்கள். வி.ஏ.ஓ. (கிராம நிர்வாக அலுவலர்), ஆர்.ஐ. (வருவாய் ஆய்வாளர்) விசாரணை முடிந்துதான் தாசில்தார் மேசைக்குப் போகும். எனக்கு 51 நாள் ஆயிற்று.

வங்கி: கணக்கில் நாமினி (தனக்குப் பிறகு பணத்தைப் பெற அவரே பெயர் கொடுத்துவைத்தவர்) இருந்தால் வாரிசுச் சான்றிதழுக்காகக் காத்திருக்க வேண்டாம். இறப்புச் சான்றிதழ், நாமினியின் அடையாள அட்டை, வங்கியின் படிவம் ஆகியவை போதும். பேப்பர் எல்லாம் சரியாகக் கொடுத்தால் 15 நாளுக்குள் முடித்துத் தர வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. நான் இதைத் தெரிந்துகொள்ளாமல் இரண்டு மாதம் சும்மா காத்திருந்தேன்.

பி.எஃப். (வருங்கால வைப்பு நிதி): வேலையில் இருக்கும்போதே இறந்தவர் என்றால் பி.எஃப். பணம், குடும்ப ஓய்வூதியம் தவிர, அதோடு சேர்ந்த காப்பீடு ஒன்றும் உண்டு. அதிகபட்சம் 7 லட்சம் ரூபாய் வரை. கேட்காமல் விட்டுவிடுகிறவர்கள் நிறையப் பேர். கேட்பதற்குக் கட்டணம் இல்லை.

வண்டி: இறந்தவர் பெயரில் உள்ள வண்டியை வைத்துக்கொள்வதென்றால் 30 நாளுக்குள் ஆர்.டி.ஓ. அலுவலகத்துக்குத் தெரிவித்து, மூன்று மாதத்துக்குள் படிவம் 31 கொடுத்துப் பெயர் மாற்ற வேண்டும். இந்தக் கெடுவை நான் கோட்டை விட்டேன்.

பொறிகள்: இறந்தவரின் ஏ.டி.எம். அட்டையில் பணம் எடுக்காதீர்கள், பின் நம்பர் தெரிந்திருந்தாலும். பின்னால் கேள்வி வரும். அசலை யார் கேட்டாலும் காட்டுங்கள், கொடுத்துவிட்டு வராதீர்கள். ஆதார் நகலின் மேல் "வங்கிக் கணக்கு முடிக்க மட்டும்" என்று தேதியோடு குறுக்கே எழுதிக் கையெழுத்து போட்டுக் கொடுங்கள். ஜெராக்ஸை வீட்டுப் பக்கத்திலேயே எடுத்துவிடுங்கள். அலுவலகத்தை ஒட்டிய கடையில் விலையும் கூட, வரிசையும் கூட.

4. அந்த எட்டு மார்க் போன்

வாரிசுச் சான்றிதழில் மனைவி, பிள்ளைகள் மட்டும் போட்டால் போதும் என்று நினைத்திருந்தேன். இந்து வாரிசுச் சட்டப்படி இறந்தவரின் அம்மாவும் முதல் வகுப்பு வாரிசு. இ-சேவை மையத்தில் இருந்த பெண்தான், "மாமியார் இருக்காங்களாக்கா? அவங்க ஆதாரும் வேணும்" என்றாள். இதை மறைத்து எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள். மறைக்காதீர்கள், சான்றிதழே ரத்தாகிவிடும்.

நானும் அத்தையும் நான்கு வருஷமாகச் சரியாகப் பேசிக்கொள்வதில்லை. காரணம் இங்கே வேண்டாம். காரியத்துக்கு வந்தபோதும் இரண்டு பேரும் சுவரைப் பார்த்துத்தான் அழுதோம். இப்போது போன் பண்ணி ஆதார் கேட்டால், "சொத்தைப் பிரிக்கிறாளா?" என்று நினைப்பாரோ என்று பதினோரு நாள் தள்ளிப்போட்டேன்.

பன்னிரண்டாவது நாள், சொல்ல வேண்டியதை நோட்டில் மூன்று வரியாக எழுதி, பார்த்துப் படித்தேன்: "அத்தை, வாரிசுச் சான்றிதழ் வாங்கணும். உங்க பேரும் அதுல வரணும். உங்க ஆதார் நகல் ஒண்ணு அனுப்பி வைங்க." அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. பிறகு, "அசலையே கூரியர்ல போட்டுவிடட்டுமாம்மா? எனக்கு எதுக்கு அது" என்றார். அதற்குப் பிறகு, நான் சாப்பிட்டேனா என்று கேட்டார்.

ஆகவே மூன்று வரி விதி: போனோ நேரோ, சொல்ல வந்தது மூன்று வரிக்குள் இருக்க வேண்டும். என்ன நடந்தது, எனக்கு என்ன வேண்டும், நீங்கள் என்ன செய்ய வேண்டும். கவுன்டருக்கு நான் எழுதிக்கொண்டது: "வணக்கம் சார். வாரிசுச் சான்றிதழுக்கு விண்ணப்பிச்சு 32 நாள் ஆகுது, நம்பர் இது. இப்ப யார்கிட்ட இருக்குன்னு பார்த்துச் சொல்லுங்க." குக்கர் விசில் அடிக்கிற சத்தத்தில் இதை உரக்கச் சொல்லிப் பழகினேன். விசிலை மீறிக் குரல் வந்தால் அலுவலகத்து மின்விசிறிச் சத்தத்தையும் மீறும்.

"தப்பா நினைச்சுக்காதீங்க", "தொந்தரவுக்கு மன்னிச்சுக்குங்க" என்று ஆரம்பிக்காதீர்கள். மரியாதை வேறு, மன்னிப்பு வேறு. வணக்கம் சொல்லுங்கள், அது போதும்.

5. போகிற நாளும் நேரமும்

திங்கட்கிழமை வேண்டாம். கலெக்டர் அலுவலகத்தில் மக்கள் குறைதீர்க்கும் கூட்டம் நடக்கிற நாள், பார்க்க வேண்டிய ஆள் இருக்க மாட்டார். வங்கிக்கு மாத முதல் வாரம் வேண்டாம், பென்ஷன் கூட்டம். இரண்டாம், நான்காம் சனிக்கிழமை வங்கியே கிடையாது. செவ்வாய், புதன் காலை பத்தரை மணி எனக்குச் சரிப்பட்டது. பத்து மணிக்கே போய் நின்றால் அவர்கள் பையை வைத்துவிட்டு நாற்காலியைத் துடைத்துக்கொண்டிருப்பார்கள். அந்த நேரத்தில் கேட்டால் கிடைப்பது எரிச்சல்தான்.

சாப்பிட்டுவிட்டுப் போங்கள். இதை அம்மா மாதிரிச் சொல்லவில்லை. வெறும் வயிற்றில் போன நாட்களில்தான் நான் அழுதேன், நோட்டைப் புரட்டிப் பார்த்தபோது தெரிந்தது. இரண்டு இட்லிக்கு அவ்வளவு சக்தி இருக்கிறது.

6. கூட ஒருவர், ஆனால் பேசக் கூடாது

முதல் இரண்டு தடவை, யாராவது தெரிந்தவர் துணைக்கு வந்தால் நன்றாக இருக்குமே என்று நம் மனசு ஏங்கும். என் தம்பி முறையுள்ள ஒருவர் ஒரு நாள் வங்கிக்கு வந்தார். நல்ல பிள்ளை. ஆனால் உள்ளே நுழைந்ததிலிருந்து அவர்தான் பேசினார். மேனேஜரும் அவரைப் பார்த்தே பதில் சொன்னார். நான் கையெழுத்து போடுகிற இயந்திரம் மாதிரி உட்கார்ந்திருந்தேன். அன்றைக்கு வேலை முடிந்தது, என் பயம் ஒரு மார்க்கூடக் குறையவில்லை.

அடுத்த தடவை கீழ் வீட்டு அக்காவைக் கூப்பிட்டேன். அவர் மீன் வியாபாரம் செய்தவர், காசிமேட்டில் விடியற்காலை ஏலம் எடுத்துப் பழகிய குரல். அவர் வாசலிலேயே சொல்லிவிட்டார்: "நீ பேசு. நான் பையைப் பிடிச்சுக்குறேன்." உள்ளே பெஞ்சில் உட்கார்ந்து பையை மடியில் வைத்துக்கொண்டு என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். எனக்கு வேண்டியிருந்தது அந்தப் பார்வை மட்டும்தான். துணைக்கு ஆள் தேடும்போது, பேசாமல் இருக்கத் தெரிந்தவரைத் தேடுங்கள். மூன்றாவது தடவை அவரை வெளியே டீக்கடையில் விட்டுவிட்டுப் போனேன். நான்காவது தடவை கூப்பிடவே இல்லை.

7. கை நடுங்கும்போது

நடுங்கும். நிறுத்தப் பார்க்காதீர்கள். உடம்பு ஓடுவதற்கோ மல்லுக்கட்டுவதற்கோ தயாராகி அட்ரினலினைக் கொட்டுகிறது. அதனால் நெஞ்சு படபடக்கும், வாய் உலரும், விரல் ஆடும். நீங்கள் பலவீனமானவர் என்று அதற்கு அர்த்தம் இல்லை. நின்ற இடத்திலேயே நின்றால் கொஞ்ச நேரத்தில் தானாக அடங்கும்.

நான் செய்வது: இரண்டு பாதத்தையும் தரையில் முழுசாக ஊன்றுவேன். நாலு எண்ணி மூச்சை இழுத்து, ஆறு எண்ணி விடுவேன். விடுகிற மூச்சு நீளமாக இருக்க வேண்டும், படபடப்பைக் குறைப்பது அதுதான். ஐந்து தடவை போதும். வரிசையில் நிற்கும்போதே செய்யலாம், ஒருவருக்கும் தெரியாது. தாளைக் கையில் பிடித்தால் நடுக்கம் ஊருக்கே தெரியும், அதனால் ஃபைலோடு கவுன்டர் மேல் வைத்துவிடுங்கள்.

அழுகை வந்தால், "ஒரு நிமிஷம் சார்" என்று சொல்லிவிட்டு ஒதுங்கி நில்லுங்கள். தண்ணீர் குடியுங்கள். வீட்டுக்கு மட்டும் போகாதீர்கள். பத்து நிமிஷம் அந்த வளாகத்துக்குள்ளேயே இருந்துவிட்டு மறுபடி போங்கள். எனக்கு அப்படி இரண்டு முறை நடந்தது. இரண்டு முறையும் இரண்டாவது தடவை போனபோது அந்த ஆளின் குரல் தணிந்திருந்தது.

8. அதட்டினால், இழுத்தடித்தால், காசு கேட்டால்

அதட்டினால் பதிலுக்குக் கத்த வேண்டாம், கெஞ்சவும் வேண்டாம். நோட்டை எடுத்து, பேனாவைத் திறந்து, "என்ன பேப்பர் குறையுதுன்னு சொல்லுங்க சார், எழுதிக்கிறேன்" என்று கேளுங்கள். எழுதுகிறவரிடம் பேசும்போது தொனி மாறிவிடும். மனுக் கொடுத்தால் இன்னொரு நகலில் தேதியோடு சீல் வாங்காமல் நகராதீர்கள்.

காசு விஷயத்தில் நான் யோக்கியம் இல்லை. ஒரு அலுவலகத்தில் ஃபைலை எடுத்து வைக்க "டீ செலவு" கேட்டார்கள், 200 ரூபாய் கொடுத்தேன். ஃபைல் அங்கேயேதான் இருந்தது. அடுத்த வாரம் வேறொருவர் கேட்டார். கொடுத்தால் வேலை நடக்கும் என்பதுகூடப் பொய். லஞ்சம் கேட்டால் புகார் சொல்ல ஊழல் தடுப்பு மற்றும் கண்காணிப்பு இயக்ககம் இருக்கிறது. அந்த அளவுக்குப் போக மனசு வராதவர்களுக்கு இரண்டு வழி:

ஒன்று, முதல்வரின் முகவரி என்ற அரசுக் குறைதீர்ப்புச் சேவை, 1100 என்ற எண்ணில் புகார் பதியலாம். எண் தருவார்கள், எழுதிவைத்துக்கொள்ளுங்கள்.

இரண்டு, தகவல் அறியும் உரிமைச் சட்டம், 2005. ஒரு வெள்ளைத் தாள், 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப், ஸ்பீட் போஸ்ட். அந்த அலுவலகத்தின் பொதுத் தகவல் அலுவலருக்கு எழுத வேண்டும். 30 நாளுக்குள் பதில் தர வேண்டும். "ஏன் தாமதம்?" என்று சண்டைக்குப் போகாதீர்கள். "இந்த எண்ணுள்ள விண்ணப்பம் எந்தெந்த அலுவலரிடம் எந்தத் தேதியிலிருந்து எந்தத் தேதி வரை இருந்தது?" என்று மட்டும் கேளுங்கள். எனக்குப் பதில் தபாலில் வரவில்லை. பன்னிரண்டாவது நாள் போன் வந்தது: "அம்மா, சர்டிஃபிகேட் ரெடி."

9. தோற்ற நாட்களை எழுதிவையுங்கள்

என் நோட்டின்படி ஏழு மாதத்தில் 23 முறை வெளியே போயிருக்கிறேன். ஒன்பது முறை வெறும் கையோடு வந்தேன். மொத்தச் செலவு 2,870 ரூபாய், அதில் 1,640 ரூபாய் ஆட்டோவுக்கு. பஸ்ஸில் போகப் பயந்த நாட்களின் செலவு அது. ஒவ்வொரு தடவையும் போவதற்கு முன் ஒரு மார்க், வந்த பிறகு ஒரு மார்க் எழுதினேன். தாலுகா அலுவலகம் 7, 7, 8, 6, 6, 4, 5, 3 என்று இறங்கியது. நடுவில் ஏறியதைப் பாருங்கள். அந்த 8 வந்த அன்றைக்கு எல்லாம் வீண் என்றுதான் நினைத்தேன்.

10. இந்த வழிகாட்டி போதாத இடங்கள்

இரண்டு வாரத்துக்கு மேல் தூக்கம் இல்லை, சாப்பாடு இறங்கவில்லை, காரணமே இல்லாமல் மூச்சு முட்டி நெஞ்சு அடைக்கிறது என்றால் நோட்டும் பேனாவும் போதாது. நெஞ்சு வலி என்றால் முதலில் இதயத்தைப் பரிசோதித்துவிடுங்கள், பயம்தான் என்று நீங்களே முடிவு கட்டாதீர்கள். பிறகு 14416. டெலி மானஸ் என்ற அரசு மனநல உதவி எண், இலவசம், நாள் முழுக்க, தமிழில் பேசலாம். செத்துப்போகலாம் என்ற எண்ணம் தலைகாட்டினால் ஒரு நாள்கூடத் தள்ளிப்போடாமல் கூப்பிடுங்கள். சென்னையில் சிநேகா அமைப்பு 1986 முதல் இதற்காகவே இயங்குகிறது: 044-24640050. நேரில் பார்க்க வேண்டுமென்றால் கீழ்ப்பாக்கம் அரசு மனநல மருத்துவமனையில் புறநோயாளிப் பிரிவு உண்டு. அந்தப் பெயரைச் சொன்னாலே நம் ஊரில் கேலி பேசுவார்கள். நான் மூன்று மாதம் ஒரு அரசு மருத்துவரைப் பார்த்தேன். ஓ.பி. சீட்டு எடுத்து வரிசையில் நின்றேன், அவ்வளவுதான்.

இன்னொன்று. வீட்டில் ஒருவர் அடிக்கிறார், பின்னால் ஒருவர் தொடர்ந்து வருகிறார் என்றால் அந்தப் பயம் சரியான பயம். அதைப் பழகிக் குறைக்கக் கூடாது. பெண்களுக்கு 181, அவசரத்துக்கு 112. அங்கே மூச்சுப் பயிற்சிக்கு வேலை இல்லை.

11. பட்டியலில் மிச்சம் உள்ளது

என் நோட்டில் அடிக்காமல் இருப்பது ஸ்கூட்டர் மட்டும்தான். தாமதக் கட்டணம் கட்டிப் பெயர் மாற்றிவிட்டேன். எல்.எல்.ஆர். (வண்டி ஓட்டப் பழகுவதற்கான உரிமம்) வாங்கி 19 நாள் ஆகிறது. 30 நாள் முடிந்த பிறகுதான் டெஸ்டுக்குப் போக முடியும், எல்.எல்.ஆர். ஆறு மாதம் செல்லும், அதனால் அவசரம் இல்லை. காலை ஐந்தரை மணிக்கு, நடைப்பயிற்சிக்காரர்கள் வருவதற்கு முன், பக்கத்து மைதானத்தில் அக்கா இரண்டு செங்கலை வைத்துவிட்டு ஓரமாக நிற்கிறார். அதைச் சுற்றி எட்டு போட வேண்டும், கால் தரையில் படக் கூடாது. நேற்று வரை முதல் வளைவிலேயே ஊன்றிவிடுவேன். இன்றைக்கு இரண்டாவது வளைவு வரை போனேன். போகும் முன் 9, வந்த பிறகு 8.